முன்வாசல் போய்ப் பின்வாசல் வந்த பாட்டு

உளுத்தம்பருப்பைவிடக் கொஞ்சம் பெரிதாக இருக்கும் இரண்டு கறுப்பு மூடிகள். உள்ளே ஒரு சின்ன உலோகத் தகடு, அவ்வளவுதான். ஜம்பர் என்பார்கள். 2003இல் என் பென்டியம் 4 கம்ப்யூட்டர் இரண்டு வாரம் ஊமையாகக் கிடந்ததற்கு அவைதான் காரணம் என்று அப்போது யாராவது சொல்லியிருந்தால் சிரித்திருப்பேன்.

நடந்தது இதுதான். பழைய கேபினெட் துருப்பிடித்துப் போனதால் புதிதாக ஒன்று வாங்கி, மதர்போர்டைக் கழற்றி அதில் மாட்டினேன். புது கேபினெட்டின் முகப்பில் இரண்டு ஓட்டைகள் இருந்தன: ஒன்று ஹெட்போனுக்கு, ஒன்று மைக்குக்கு. அவற்றிலிருந்து ஏழு ஒற்றை வயர்கள் தொங்கின. ஒவ்வொன்றின் நுனியிலும் ஒரு பின் நுழையும் அளவுக்குக் கறுப்புக் குப்பி, அதன்மேல் எறும்பு எழுத்தில் ஏதோ சுருக்கப் பெயர். மதர்போர்டில் அவற்றுக்கான இடத்தைத் தேடிக் கண்டுபிடித்தபோது அங்கே இந்த இரண்டு ஜம்பர்கள் உட்கார்ந்திருந்தன. வழியை மறைக்கின்றன என்று பிடுங்கினேன். வயர்களின் பெயர் ஒன்றும் மதர்போர்டு புத்தகத்தில் இருந்த பெயரோடு ஒத்துப்போகவில்லை. போகட்டும், முன்னால் ஹெட்போன் வேண்டாம் என்று வயர்களைச் சுருட்டி ரப்பர் பேண்ட் போட்டு மூடிவிட்டேன். ஜம்பர்கள் எங்கே போயின என்று யோசிக்கவில்லை.

அதோடு பின்னால் இருந்த ஸ்பீக்கரும் நின்றுபோனது. டிரைவரை இரண்டு முறை அழித்துப் போட்டேன். ஸ்பீக்கரைப் பக்கத்து வீட்டில் கொடுத்துப் பார்த்தேன், அங்கே பாடியது. கடைசியில் சிபியூவை ஆட்டோவில் மடியில் வைத்துக்கொண்டு சென்னை ரிச்சி தெருவுக்குப் போனேன். கடையில் இருந்த பையனுக்கு இருபது வயது இருந்தால் அதிகம். மூடியைக் கழற்றி ஒரு நிமிடம் டார்ச் அடித்துப் பார்த்தான்.

“இங்க இருந்த ரெண்டு ஜம்பர் எங்க சார்?”

“அது எதுக்குப்பா? முன்னாடி ஓட்டைக்குத்தானே? அதை நான் மாட்டவே இல்லையே.”

“மாட்டலன்னாதான் சார் அது வேணும். பாட்டு முதல்ல முன்னாடி போயிட்டுத்தான் பின்னாடி வரும்.”

ஒரு டப்பாவைக் குலுக்கி இரண்டு ஜம்பர் எடுத்துச் செருகினான். விண்டோஸ் தொடங்கும் ஓசை கேட்டது. காசு வாங்கவில்லை, டீ வாங்கிக் கொடுக்கச் சொன்னான். டீயைவிட அவன் சொன்ன அந்த ஒரு வாக்கியம்தான் எனக்கு வெகுநாள் ஆறாமல் இருந்தது. பின்னால் இருக்கும் ஸ்பீக்கருக்குப் போக வேண்டிய பாட்டு எதற்கு முன்வாசல் வரை நடந்து திரும்ப வேண்டும்?

பதில் தேடினால் அது கம்ப்யூட்டரில் தொடங்கவில்லை. டெலிபோன் எக்ஸ்சேஞ்சில் தொடங்குகிறது.

1878 ஜனவரி 28 அன்று அமெரிக்காவின் கனெக்டிகட் மாநிலத்தில், நியூ ஹேவன் நகரில், ஜார்ஜ் காய் என்பவர் வணிகத்துக்கான முதல் தொலைபேசி இணைப்புப் பலகையைத் திறந்தார். சந்தாதாரர்கள் 21 பேர். வண்டிக்கு அடிக்கும் போல்ட்டுகள், தேநீர்க் கெண்டி மூடியின் கைப்பிடிகள், அக்காலப் பெண்கள் பாவாடைக்கு அடியில் கட்டிய வளைப்புக் கம்பி ஆகியவற்றைக் கொண்டு அதைச் செய்தார் என்பது பதிவான செய்தி. அந்தப் பலகையில் ஜாக் கிடையாது. ஊர் பெருகி இணைப்புகள் நூற்றுக்கணக்கில் ஏறியபோது, செருகவும் பிடுங்கவும் ஏதுவாக ஒன்று தேவைப்பட்டது. வெஸ்டர்ன் எலெக்ட்ரிக் நிறுவனத்தின் சார்ல்ஸ் ஸ்கிரிப்னர் அதைச் செய்தார். அவருடைய முதல் வடிவம் மடக்குக் கத்தியைப் போல இருந்ததால் ஜாக் நைஃப் ஸ்விட்ச் என்று பெயர் வந்தது. கத்தி பிற்பாடு உதிர்ந்துவிட்டது, ஜாக் மட்டும் நின்றுவிட்டது.

ஜாக் என்றால் வெறும் ஓட்டை என்று நினைக்கிறோம். அதற்குள் ஒரு மெல்லிய தகடு வளைந்து நிற்கிறது, இன்னொரு தகட்டைத் தொட்டுக்கொண்டு. பின்னைச் செருகினால் அது தகட்டை நெம்பித் தள்ளுகிறது, தொடுப்பு விட்டுப்போகிறது. பிடுங்கினால் தகடு தன் வளைவுக்குத் திரும்பி மறுபடி தொட்டுக்கொள்கிறது. எக்ஸ்சேஞ்சில் சந்தாதாரர் கைப்பிடியைச் சுற்றி அழைத்ததும் பலகையில் அவர் எண்ணுக்கு மேலிருக்கும் சின்னக் கதவு விழும். ஆபரேட்டர் பின்னைச் செருகியதும் அந்தக் கதவுக்கான சுற்று துண்டிக்கப்பட வேண்டும். அந்த வேலையைச் செய்தது இந்தத் தகடுதான். ஆள் வந்தாயிற்று, இனி மணி அடிக்க வேண்டாம் என்று தனியாக யாரும் சொல்லத் தேவையில்லை. வந்த ஆளே கதவைத் தள்ளிக்கொண்டு வருகிறான்.

இந்தக் கதையின் நாயகன் அந்தத் தகடு.

எக்ஸ்சேஞ்சுப் பின்னின் தடிமன் கால் அங்குலம், அதாவது 6.35 மில்லிமீட்டர். கிதாரிலும் ரெக்கார்டிங் ஸ்டுடியோக்களிலும் இன்றும் அதேதான். 3.5 மில்லிமீட்டர் தம்பி டிரான்சிஸ்டர் ரேடியோவின் ஒற்றைக் காது இயர்போனுக்காக 1950களில் பிறந்தது. சோனியின் 1964ஆம் ஆண்டு ரேடியோ ஒன்றில் இருந்தது. 1979இல் வந்த வாக்மேன் அதை இரண்டு காதுக்கும் ஆக்கி உலகம் முழுக்கக் கொண்டுபோனது. முதல் வாக்மேனில் ஹெட்போன் ஓட்டை இரண்டு, இருவர் சேர்ந்து கேட்கலாம் என்று. ஒருவர் மட்டும் கேட்பது மரியாதைக் குறைவு என்று சோனிக்கே அன்று கூச்சம் இருந்திருக்கிறது.

டிரான்சிஸ்டரில் கிரிக்கெட் வர்ணனை கேட்டவர்களுக்கு இந்தத் தகடு நன்றாகப் பழக்கம், பெயர் தெரியாவிட்டாலும். இயர்போனைச் செருகினால் பெட்டியின் ஸ்பீக்கர் சட்டென்று அடங்கும். பாதி செருகினால் கரகரக்கும். சில வருடத்தில் தகடு தளர்ந்து, இயர்போனைப் பிடுங்கிய பிறகும் ஸ்பீக்கர் பேச மறுக்கும். அப்போது வீட்டில் யாராவது ஒருவர் ஊக்கை நீட்டி ஓட்டைக்குள் விட்டு நெம்புவார், தட்டுவார், திடீரென்று ஸ்கோர் கேட்கும். ஊக்கு தொட்டது ஸ்கிரிப்னர் காலத்துச் சாமானை.

கம்ப்யூட்டருக்கு இந்தச் சிக்கல் வெகுநாள் இல்லை, ஏனென்றால் அதற்குக் குரலே இல்லை. 1981இன் ஐபிஎம் பிசியில் ஒரு சின்ன ஸ்பீக்கர் கீச்சென்று மட்டும் கத்தியது. 1989இல் சிங்கப்பூரின் கிரியேட்டிவ் நிறுவனம் சவுண்ட் பிளாஸ்டர் கார்டைக் கொண்டுவந்த பிறகு பிசி பரவலாகப் பேசவும் பாடவும் பழகியது. ஆனால் கார்டுகள் செருகப்படுவது கேபினெட்டின் பின்புறத்தில். ஆகவே ஓட்டைகளும் பின்னால்தான். சுவரோடு ஒட்டிய மேசைக்கு அடியில் தவழ்ந்து போய், தூசியில் தும்மி, மூன்று ஓட்டைகளில் எது என்று தடவிப் பார்த்துத்தான் ஹெட்போனைச் செருக வேண்டும். தகரத்தில் பொறித்த சின்னங்கள் இருட்டில் தெரியாது. ஒலி வெளியே போவதற்கு இளம்பச்சை, மைக்குக்கு ரோஸ், வெளியிலிருந்து உள்ளே வருவதற்கு வெளிர்நீலம் என்று நிறம் ஒதுக்கியதே மைக்ரோசாஃப்டும் இன்டெலும் வெளியிட்ட பிசி 99 வழிகாட்டியில்தான்.

முகப்பில் முதலில் ஹெட்போன் ஓட்டை கொண்டுவந்தது, யாரும் எதிர்பார்க்காத சாமான்: சிடி டிரைவ். தட்டுக்குக் கீழே ஒரு 3.5 ஓட்டை, பக்கத்தில் கட்டைவிரலால் உருட்டும் ஒலிச் சக்கரம். பாட்டு சிடியை டிரைவே படித்துப் பாடியது. விண்டோஸ் தேவையில்லை, முகப்பில் பட்டன் இருந்தால் அதை அழுத்தினாலே போதும். ஸ்பீக்கரிலும் கேட்க வேண்டுமென்றால் டிரைவின் பின்புறத்திலிருந்து நான்கு வயர் கொண்ட மெல்லிய கேபிளைச் சவுண்ட் கார்டுக்கு இழுக்க வேண்டும். என்னைப் போன்றவர்கள் அந்தக் கேபிளை மறந்துவிட்டு, சிடி சுற்றுகிறது பாட்டு வரவில்லையே என்று திகைத்ததும் உண்டு. ஆனால் அந்த ஓட்டையில் சிடி பாட்டு மட்டும்தான் வரும். கேம் சத்தத்துக்கு மறுபடி மேசைக்கு அடியில்தான். கிரியேட்டிவ் தன் லைவ் கார்டுக்குத் துணையாக, சிடி டிரைவ் இடத்தில் பொருந்தும் ஓட்டைப் பெட்டி ஒன்றை லைவ் டிரைவ் என்று விற்றது. காசு உள்ளவர்கள் வாங்கினார்கள்.

வழி திறந்தது சவுண்ட் கார்டு சாகத் தொடங்கியபோது. இன்டெல் வகுத்த ஏசி 97 என்ற ஏற்பாட்டில் ஒலி வேலை இரண்டாகப் பிரிந்தது. கணக்குப் பகுதி மதர்போர்டின் சிப்செட்டுக்குள் போனது. எண்களை அலைகளாக மாற்றிக் கம்பியில் விடும் பகுதி மட்டும் கோடெக் என்ற நகத்தளவு சில்லாக மதர்போர்டின் ஓரத்தில் உட்கார்ந்தது. 1999இன் 810 சிப்செட் முதல் இது விலைகுறைந்த பலகைகளுக்கும் வந்தது. ஒலி மதர்போர்டுக்கே குடிவந்த பிறகு, அங்கிருந்து முகப்புக்கு ஒரு கேபிள் இழுப்பதைப் பொதுவிதியாக்கலாம். முகப்பில் யூஎஸ்பி வேண்டும் என்று ஏற்கெனவே எல்லோரும் கேட்டுக்கொண்டிருந்தார்கள். இன்டெல் முகப்பு இணைப்புகளுக்கு ஒரு வழிகாட்டி எழுதியபோது ஒலியையும் அதே வண்டியில் ஏற்றியது.

விளைவு, ஐந்து பின் கொண்ட இரண்டு வரிசை. பின்னுக்குப் பின் இடைவெளி 2.54 மில்லிமீட்டர். பத்தில் ஒரு பின் கிடையாது: எட்டாவது. கேபிளின் முனையிலும் எட்டாவது துளை அடைக்கப்பட்டிருக்கும். தலைகீழாகச் செருக முடியாது. பக்கத்திலேயே இதே உருவத்தில் இருக்கும் யூஎஸ்பி வரிசையில் காணாமல் போனது ஒன்பதாவது. அதனால் யூஎஸ்பி கேபிள் ஆடியோவில் ஏறாது, ஆடியோ கேபிள் யூஎஸ்பியில் ஏறாது. பல் விழுந்த இடத்தை வைத்து ஆளை அடையாளம் காண்பது போல.

இப்போது கடைப் பையனின் வாக்கியத்துக்கு வருவோம். ஏசி 97 வரிசையில் 5ஆம் பின்னில் வலக்காது ஒலி புறப்பட்டு முகப்பு ஓட்டைக்குப் போகும். அங்கே தகடு தொட்டுக்கொண்டிருந்தால் அதைக் கடந்து 6ஆம் பின் வழியாக மதர்போர்டுக்குத் திரும்பும். திரும்பிய பிறகுதான் பின்பக்கப் பச்சை ஓட்டைக்குப் போகும். இடக்காதுக்கு அதே வேலையை 9ஆம் பின்னும் 10ஆம் பின்னும் பார்க்கும். முகப்பில் ஹெட்போன் செருகினால் தகடு விலகும், திரும்பும் வழி அறுபடும், பின்னால் ஸ்பீக்கர் அடங்கும். டிரைவர் வேண்டாம், சில்லுக்கு எதுவும் தெரிய வேண்டாம். டிரான்சிஸ்டர் ரேடியோவின் தந்திரம்தான், கேபிள் மட்டும் நீளம். முகப்பே இல்லாத வீட்டில் 5ஐயும் 6ஐயும் சேர்க்க ஒரு ஜம்பர், 9ஐயும் 10ஐயும் சேர்க்க ஒரு ஜம்பர். நான் பிடுங்கியது அந்தப் பாலத்தை.

இந்த ஏற்பாட்டை நினைத்தால் எனக்கு ஒரே நேரத்தில் மரியாதையும் எரிச்சலும் வரும். ஒரு செப்புக்காசுக்கும் பெறாத தகட்டை வைத்து ஒரு மென்பொருளின் வேலையை முடித்தது மரியாதைக்குரியது. ஆனால் பாட்டு ஹார்ட் டிஸ்க்கையும் பவர் சப்ளையையும் உரசிக்கொண்டு முன்னால் போய், அதே வழியில் திரும்பி வர வேண்டும். போகிற வழியெல்லாம் இரைச்சலை அள்ளிக்கொண்டு வரும். மௌஸை அசைத்தால் காதில் ஈ பறப்பது கேட்ட காலம் அது. கேபினெட்காரர்கள் வயர்களை ஒரே முனையில் கோத்துத் தராமல் உதிரியாகத் தந்தது இன்னொரு கொடுமை. ஆளுக்கொரு பெயர் எழுதினார்கள். அதில் ஒன்றை மாற்றிச் செருகினால் ஒரு காது மட்டும் பாடும்.

2004இல் இன்டெல் எச்டி ஆடியோவைக் கொண்டுவந்தது. உள்ளே வைத்திருந்த பெயர் அசேலியா. 915 சிப்செட்டோடு கடைக்கு வந்த இது பாட்டின் நடையை நிறுத்தியது. முன் ஓட்டைக்குத் தனிக் கம்பி, பின் ஓட்டைக்குத் தனிக் கம்பி. யாரும் யார் வீட்டு வழியாகவும் போக வேண்டாம். முன்னால் ஒருவர் ஹெட்போனில் பேச, பின்னால் ஸ்பீக்கரில் வேறு பாட்டு ஓடலாம்.

அப்படியானால் ஹெட்போன் வந்தது எப்படித் தெரியும்? தகடு வேலையை இழக்கவில்லை, வேலை மாறியது. முன்பு பாட்டையே அறுத்தது, இப்போது தகவல் மட்டும் சொல்கிறது. 7ஆம் பின்னில் கோடெக் ஒரு கம்பியை அனுப்புகிறது. ஒவ்வொரு ஓட்டையின் தகடும் அந்தக் கம்பியை ஒரு ரெசிஸ்டரோடு சேர்க்கும். 6, 10 பின்கள் அதைத் திருப்பிக் கொண்டுவருகின்றன. ரெசிஸ்டர்களின் மதிப்பில்தான் அழகு: 39.2, 20, 10, 5.1 கிலோ ஓம். ஒவ்வொன்றும் முந்தியதில் ஏறத்தாழப் பாதி. மளிகைக் கடைத் தராசில் ஒன்று, இரண்டு, நான்கு, எட்டு என்று நான்கு எடைக்கல் மட்டும் வைத்திருப்பதாக நினைத்துக்கொள்ளுங்கள். தட்டில் மொத்தம் பதினொன்று என்றால் எட்டும் இரண்டும் ஒன்றும் ஏறியிருக்கின்றன, வேறு வழியே இல்லை. அப்படியே, ஒரே கம்பியில் ஓடும் மின்சாரத்தின் அளவைப் பார்த்து எந்தெந்த ஓட்டையில் ஆள் இருக்கிறது என்று கோடெக் சொல்லிவிடும். நான்கு ஓட்டைக்கு ஒரு கம்பி.

4ஆம் பின்னின் கதையும் சொல்லத் தக்கது. ஏசி 97 காலத்தில் அது முகப்புக்கு 5 வோல்ட் கொடுத்த பின். எச்டி ஆடியோவில் முகப்பு அதைத் தரையோடு சேர்த்து, நான் புது வகை என்று மதர்போர்டுக்குத் தெரிவிக்கிறது. கொடுத்த கை கேட்கும் காதாகிவிட்டது.

ஆனால் பின் வரிசையின் உருவத்தை மட்டும் இன்டெல் மாற்றவில்லை. அதே பத்தில் ஒன்பது, அதே எட்டாவது பல். பழைய கேபினெட்டுகள் வீணாகக் கூடாதென்ற நல்ல எண்ணம்தான். அதன் பலனாகச் சில வருடங்கள் கேபினெட்டுக்குள் இரட்டைத் தலைக் கேபிள் தொங்கியது. ஒரு தலையில் ஏசி 97 என்றும் மறு தலையில் எச்டி ஆடியோ என்றும் எழுதியிருக்கும். இரண்டையும் மாட்ட வேண்டுமா என்று கேட்காதவர் குறைவு. ஒன்றுதான், புது மதர்போர்டுக்கு எச்டி. பழைய தலையைச் செருகினாலும் ஏறிவிடும். ஹெட்போன் பாடக்கூடச் செய்யும், ஆனால் தராசில் கல் விழாது. முன்னால் ஆள் வந்தது மதர்போர்டுக்குத் தெரியாததால், முன்பக்கக் கண்டறிதலை நிறுத்து என்று ரியல்டெக் டிரைவரின் ஜன்னலில் ஒரு கட்டத்தை டிக் செய்து சமாளித்தோம். பயாஸிலும் முகப்பு எந்த வகை என்று தேர்ந்தெடுக்க ஒரு வரி இருந்தது.

இழப்பும் ஒன்று உண்டு. தகடு நேரடியாக அறுத்தபோது இடையில் யாருமில்லை. இப்போது தகடு கோடெக்கிடம் சொல்ல, கோடெக் டிரைவரிடம் சொல்ல, டிரைவர் விண்டோஸிடம் சொல்ல, விண்டோஸ் யோசித்துப் பின்னால் இருப்பதை அடக்கும், அல்லது அடக்காது. லினக்ஸில் தானாக அடக்கு என்பதே ஒரு பொத்தான். வயரெல்லாம் சரியாக இருக்க, ஓர் அப்டேட்டுக்குப் பிறகு முன் ஓட்டை செத்துப்போகிற அதிசயம் ஏசி 97இல் நடக்காது.

போன மாதம் அக்கா மகனுக்கு ஒரு கம்ப்யூட்டர் கட்டினோம். இந்த ஆடியோ பின் வரிசை இன்றும் பெரும்பாலான பலகைகளில் கீழ்விளிம்பின் இடது மூலையில்தான் இருக்கிறது, கேபினெட் முகப்பிலிருந்து எவ்வளவு தூரமோ அவ்வளவு தூரத்தில். காரணம் இரைச்சல். கோடெக் பின் ஓட்டைகளை ஒட்டி, பிராசஸரின் ஆரவாரத்துக்கு ஒதுங்கி, பலகையில் செம்பு சுரண்டிய கோட்டுக்கு அப்பால் தனித் தீவாக இருக்கிறது. அதன் கம்பிகளும் அந்தத் தீவைத் தாண்டாமல் நேரே கீழே இறங்குகின்றன. ஆசுஸ் அதை ஏஏஎஃப்பி என்கிறது, எம்எஸ்ஐ ஜேஆடி என்கிறது, கிகாபைட் எஃப் ஆடியோ என்கிறது. பெயரைத் தேடுவதைவிடப் பல்லைத் தேடுவது சுலபம்.

“மாமா, கிராஃபிக்ஸ் கார்டு மாட்டிடலாமா?” என்றான் அவன்.

“இரு. முதல்ல இந்த ஆடியோ கேபிள்.”

கார்டு ஏறிவிட்டால் அந்த மூலைக்குள் விரல் போகாது. கேபிளை மதர்போர்டுத் தட்டுக்குப் பின்புறமாகவே ஓட்டி, கீழே உள்ள துவாரம் வழியாக வெளியே எடுத்தோம். அப்படியும் இழுத்துக் கட்டிய வீணைத் தந்தி மாதிரிதான் நின்றது. முனையைப் பின்களின் மேல் வைத்து, அடைத்த துளையும் இல்லாத பல்லும் நேராக வருகிறதா என்று பக்கவாட்டில் குனிந்து பார்த்தான். அழுத்தும்போது முழு முனையும் ஒரே மட்டத்தில் இறங்க வேண்டும். ஒரு பக்கம் முதலில் இறங்கினால் ஓரத்துப் பின் சாய்ந்துவிடும், அதை நிமிர்த்தும்போது ஒடிந்தும் போகலாம்.

கார்டையும் மாட்டி ஸ்விட்சைப் போட்டோம். விசிறி சுற்றியது, திரை கறுப்பாகவே இருந்தது. மெமரியைக் கழற்றிப் போட்டும் பலனில்லை. பயாஸைப் பழைய நிலைக்குத் திருப்ப வேண்டும், அதற்கு மதர்போர்டில் இரண்டு பின்களைச் சில விநாடி குறுக்கே சேர்க்க வேண்டும். ஸ்க்ரூடிரைவர் நுனியால் தொடலாம், கை நடுங்கினால் வேறெதையாவது தொட்டுவிடும். ஸ்க்ரூ போட்டு வைக்கும் தைல டப்பாவைக் கவிழ்த்தேன். அடியில், 2003இல் நான் பிடுங்கிப் போட்ட இரண்டு கறுப்பு மூடிகளும் கிடந்தன.

ஒன்றை எடுத்து அவனிடம் கொடுத்தேன். பத்து விநாடி எண்ணினான். எடுத்துவிட்டு ஸ்விட்சைப் போட்டதும் திரை வந்தது. ஹெட்போனை முகப்பில் செருகினான். எதைச் செருகினாய் என்று கேட்டு ஒரு ஜன்னல் எழுந்தது.